மச்சான் வீட்டுக்குச் சுற்றுவழி

கல்யாணம் பண்ணுவது பெரிய காரியமே இல்லை. பத்திரிகை வைப்பதுதான் பெரிய காரியம். மண்டபம், சமையல், மேளம் எல்லாவற்றுக்கும் ஆள் இருக்கிறான். அட்வான்ஸைக் கொடுத்தால் அவன் பாட்டுக்குப் பார்த்துக்கொள்வான். பத்திரிகையை மட்டும் பெண்ணைப் பெற்றவனும் பெற்றவளும் ஜோடியாகப் போய், தட்டில் வெற்றிலை பாக்கு பழம் வைத்து, வீடு வீடாக ஏறி இறங்கிக் கொடுத்தாக வேண்டும். தபாலில் அனுப்பினால் குற்றம். போனில் சொன்னால் அதைவிடக் குற்றம். வீட்டில் ஆள் இல்லையென்று கதவிடுக்கில் செருகிவிட்டு வந்தால் அந்த வீட்டோடு போக்குவரத்து முடிந்தது. அத்தனையும் ஒழுங்காகச் செய்தாலும், காப்பி டம்ளரைக் கையில் கொடுத்துவிட்டு ஒரு கேள்வி கேட்பார்கள்: "எங்களுக்கு முந்தி யாரு யாருக்கு வச்சீங்க?"

இந்தக் கேள்விக்கு எங்கள் பக்கத்தில் இன்றுவரை எவரும் நல்ல பதில் சொன்னதாக எனக்குத் தெரியவில்லை. என் மகளுக்குக் கல்யாணம் நிச்சயமானபோது, கம்ப்யூட்டரை வைத்து நான் சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். அந்தத் திமிர் எனக்கு இருந்தது.

கீரனூரிலிருந்து தினமும் திருச்சிக்குப் பஸ்ஸில் போய்வருகிற ஆள் நான். ஒரு கம்பெனியின் ஸ்டோர்ஸில் வேலை. அங்கே எந்த நட்டு எந்த அடுக்கில் இருக்கிறது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வேன். ஊர் உலகத்தையும் அப்படி அடுக்கி வைத்துப் பார்க்க வேண்டும் என்ற ஆசையில் வந்ததுதான் இந்த மேப் கிறுக்கு. லேப்டாப்பில் ஒரு மேப் சாப்ட்வேர் வைத்திருக்கிறேன். இலவசம். யார் யாரோ எங்கெங்கோ உட்கார்ந்து, காசு வாங்காமல் எழுதி, உள்ளே இருக்கிற நிரலையும் ஊருக்குத் திறந்து வைத்திருக்கிறார்கள். வேண்டிய மாநிலத்து மேப்பை ஒரு தடவை இறக்கிக்கொண்டால் போதும், அப்புறம் நெட்டே தேவையில்லை. கூடவே கையில் பிடிக்கிற ஜிபிஎஸ் ஒன்று. மஞ்சள் நிறம், சோப்பு டப்பா அளவு. யாரோ மலையேறுகிறவர் வேண்டாமென்று விற்றதை வாங்கினேன். ஞாயிற்றுக்கிழமையானால் அதை ஸ்கூட்டரில் கட்டிக்கொண்டு கண்மாய்க்கரை, வண்டிப்பாதை என்று சுற்றிவிட்டு வருவேன். வந்து ஒயரைச் செருகினால் நான் போன தடம் முழுவதும் லேப்டாப்பில் நீலக் கோடாக வந்து விழும். அதைப் பார்ப்பதில் எனக்கு ஒரு சுகம். குடிக்கிறவனுக்கு அதில் சுகம், எனக்கு இதில்.

என் மனைவிக்கு இதில் எந்தச் சுகமும் தெரியவில்லை.

"இதுல என்னங்க தெரியுது?" என்று ஆரம்பத்தில் ஒருநாள் கேட்டாள்.

"நாம எங்க இருக்கோம்னு தெரியும்."

"நாம எங்க இருக்கோம்னு நமக்குத்தான் தெரியுமே. வீட்டுல இருக்கோம்."

அதோடு அந்தப் பேச்சு முடிந்தது. அதற்குப் பிறகு அந்தக் கருவிக்கு வீட்டில் மஞ்ச டப்பா என்று பெயர் நிலைத்துவிட்டது.

பெயரோடு நின்றிருந்தால் பரவாயில்லை. புது வீடு கட்டிக் குடிபோனோமே, அந்த விசேஷத்துக்குப் பத்திரிகை வைக்க நான் இதே சாப்ட்வேரில் ரூட் போட்டேன். எல்லா வீட்டையும் புள்ளியாகக் குறித்து, எந்த வரிசையில் போனால் தூரம் குறையும் என்று கேட்டேன். அருமையான ரூட் ஒன்றைக் கொடுத்தது. போன ரோட்டில் திரும்ப வர வேண்டாம், ஒரே வட்டம். இப்போதும் சொல்கிறேன், அந்த ரூட்டில் ஒரு பிழை கிடையாது. அந்த வட்டத்தில் என் மனைவியின் அண்ணன் வீடு கடைசியில் வந்தது. அதற்கு நானா பொறுப்பு? அவர் வீடு குன்றாண்டார்கோவிலுக்கு அங்கிட்டு, ஒரு மூலையில் இருக்கிறது. எவன் ரூட் போட்டாலும் அது கடைசியில்தான் வரும்.

மச்சான் அன்றைக்குப் பத்திரிகையை வாங்கிக்கொண்டார். சோறு போட்டார். வெளியே வழியனுப்ப வந்தவர் எங்கள் கார் கதவைச் சாத்திக்கொண்டே, "ஊரெல்லாம் வச்சு முடிச்சிட்டு வந்திருக்கீங்க மாப்ள, சந்தோசம்" என்றார். விசேஷத்துக்கு வரவில்லை. அதற்கப்புறம் வந்த பொங்கலுக்கும் சீர் வரவில்லை. என் மனைவியும் பிடிவாதக்காரி. அவளும் போகவில்லை. அண்ணனும் தங்கையும் பேசாமல் வருஷங்கள் ஓடிவிட்டன. கூடப் பிறந்தவர் என்று அவளுக்கு அவர் ஒருவர்தான்.

அதனால்தான் மகள் கல்யாணப் பத்திரிகை அச்சாகி வந்த அன்று, வேறு எந்த வீட்டிலும் பிரித்துப் பார்த்துச் சந்தோஷப்படுவார்கள், எங்கள் வீட்டில் இவள் பத்திரிகைக் கட்டை மடியில் வைத்துக்கொண்டு அழுதாள்.

"குலசாமிக்கு வச்சிட்டு நேரா எங்கண்ணனுக்குத்தான் வைக்கணும். நடுவுல ஒரு ஈ காக்காவுக்குக்கூட வைக்கக் கூடாது" என்றாள். "இந்தத் தடவையும் முன்னப் பின்ன ஆச்சுன்னா அவரு வர மாட்டாரு. தாய்மாமன் இல்லாம எம்பொண்ண யாரு கையப் பிடிச்சு மேடைக்குக் கூட்டிக்கிட்டு வருவா? எங்கண்ணன் வரலைன்னா எனக்கு இந்தக் கல்யாணம் கல்யாணமே இல்லைங்க."

அவள் என்னைத் திட்டியிருந்தால் நான் திருப்பித் திட்டியிருப்பேன். அழுகிறவளிடம் என்ன செய்வது? சரி என்றேன்.

சொல்லிவிட்டேனே தவிர, அது நடக்கிற காரியமாகத் தெரியவில்லை. மச்சான் ஊருக்குப் போகிற மெயின் ரோட்டில்தான் எங்கள் சொந்தக்காரர்கள் பாதிப்பேர் குடியிருக்கிறார்கள். என் சித்தப்பா மகன் வீடு ரோட்டை ஒட்டி. அதைத் தாண்டினால் இன்னும் நாலைந்து வீடுகள். எல்லாவற்றையும் தாண்டி ஒரு வளைவு, அந்த வளைவில் என் அத்தை வீடு. அப்பாவின் கூடப்பிறந்தவள். கேட்டுக்குப் பக்கத்தில் பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டு, விடிந்தால் எழுந்து வந்து உட்கார்ந்துவிடுவாள். அந்த ரோட்டில் எந்த வண்டி போனாலும் அத்தைக்குத் தெரியாமல் போகாது. பத்திரிகையோடு போகிறவன் அவள் வீட்டில் நிற்காமல் போனால் அது ஒரு பகை. நின்று கொடுத்துவிட்டுப் போனால் மச்சானோடு பகை.

"பட்டுச்சேல கட்டாம சாதாரணமா வா. ஏதோ ஆஸ்பத்திரிக்குப் போற மாதிரி போயிருவோம்" என்று யோசனை சொன்னேன்.

"இத்தன வருசங்கழிச்சு எங்கண்ணன் வீட்டு வாசப்படி மிதிக்கப் போறேன். நூல் சேலையோட போகவா?"

"அங்க போயி மாத்திக்கயேன்."

"எங்க, புளியமரத்துக்குப் பின்னாடியா?"

பட்டுச்சேலையும் மடியில் தாம்பாளமுமாக ஒரு பெண் காரில் போனால் அது எதற்கென்று ஆடு மாட்டுக்குக்கூடத் தெரியும். விடிவதற்குள் போய்விடலாம் என்றால், விடிவதற்குள் எழுந்து மாட்டுத்தொழுவத்தில் நிற்கிற ஜனங்கள் இவர்கள்.

அப்போதுதான் சாப்ட்வேரில் ஒரு வசதி இருப்பது ஞாபகம் வந்தது. ரூட் போடும்போது, இந்த இடம் பக்கமே போகாதே என்று மேப்பில் வட்டம் போட்டுச் சொல்லிவிடலாம். வெள்ளைக்காரர்கள் அதை எதற்கு வைத்தார்கள் என்று தெரியாது, சேறு, வேலி, கடிக்கிற நாய் என்று ஏதாவது இருக்கும். நான் சொந்தக்காரர்களுக்கு வைத்தேன். ஒவ்வொரு வீட்டைச் சுற்றியும் சிவப்பு வட்டம்.

வாழ்க்கையிலேயே முதல் தடவையாக என் மனைவி லேப்டாப்புக்குப் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"இது யாரு வீடு, ஒங்க தம்பி வீடா? இம்புட்டு வட்டம் போதாது. அவரு வயல்ல நிப்பாரு, வயலையும் சேத்துப் போடுங்க."

போட்டேன்.

"ஒங்க அயித்தைக்கு என்ன இவ்வளவு சின்னதா போட்டிருக்கீங்க? அதுக்குக் கண்ணு பஸ் ஸ்டாப் வரைக்கும் பாக்கும். பெருசாக்குங்க. இன்னும். இன்னுங் கொஞ்சம்."

அத்தையின் வட்டம் இரண்டு கண்மாயையும் ஒரு பள்ளிக்கூடத்தையும் உள்ளே இழுத்துக்கொண்டது. கல்யாணம் ஆன நாளிலிருந்து அத்தை சொன்ன ஒவ்வொரு சொல்லுக்கும் அவள் அந்த வட்டத்தில் கணக்குத் தீர்க்கிறாள் என்று தோன்றியது. நானும் தடுக்கவில்லை. எனக்கும் அத்தையிடம் சில பாக்கிகள் உண்டு.

ரூட் கேட்டேன். வழியே இல்லை என்று பதில் வந்தது. நம் சொந்தக்காரர்கள் அப்படி இடைவெளியில்லாமல் குடியிருக்கிறார்கள். தம்பியின் வட்டத்தைக் கொஞ்சம் சுருக்கினேன். அப்போதும் இல்லை. பிறகு, மஞ்ச டப்பாவோடு நான் சுற்றிய பழைய தடங்களையெல்லாம் எடுத்து மேப்பில் பாதைகளாகச் சேர்த்தேன். பெரிய பெரிய மேப்புகளில் இல்லாத கண்மாய்க்கரைப் பாதை, தைலமரக்காட்டுக்குள் போகிற லாரித் தடம் எல்லாம் என்னிடம் இருந்தன. மறுபடி கேட்டேன். கோடு வந்தது. கீரனூரில் கிளம்பி, குலசாமி கோவிலுக்குப் போய், அங்கிருந்து ரோட்டை விட்டு இறங்கி, ஒவ்வொரு சிவப்பு வட்டத்தையும் ஒட்டி ஒட்டி வளைந்து, கடைசியில் மச்சான் ஊரில் போய் நின்றது.

"பரவாயில்லையே" என்றாள் என் மனைவி. எத்தனையோ வருஷமாக நான் காத்திருந்த வார்த்தை அது.

ஒரு முகூர்த்த நாளாகப் பார்த்து, மகள் வேலைக்குப் போனதும் வீட்டைப் பூட்டிக்கொண்டு கிளம்பினோம். குலசாமி காலடியில் முதல் பத்திரிகையை வைத்துக் கும்பிட்டாகிவிட்டது. அங்கிருந்து மண்பாதையில் இறங்கினேன். லேப்டாப் பின் சீட்டில் திறந்தபடி இருந்தது, மஞ்ச டப்பா டேஷ்போர்டில் இருந்து வழி சொல்லிக்கொண்டிருந்தது. தைலமரக்காட்டுக்குள் போகும்போது காரின் இரண்டு பக்கமும் செடி உரசியது. இவள் தாம்பாளத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, ஒவ்வொரு பள்ளத்துக்கும் வெற்றிலை மேல் இருந்த எலுமிச்சம்பழத்தைப் பிடிப்பதும் விடுவதுமாக வந்தாள். ஆனாலும் சந்தோஷமாகத்தான் இருந்தாள். அங்கிட்டுத் தூரத்தில் மெயின் ரோட்டில் பஸ் போகிற சத்தம் கேட்டபோது, "இந்நேரம் ஒங்க அயித்தை நாக்காலியில உக்காந்திருக்கும்" என்று சொல்லிச் சிரித்தாள்.

கண்மாய்க்கரையில் ஏறினோம். என் தடத்தில் குற்றமில்லை, ஆனால் நான் ஸ்கூட்டரில் போனது கோடையில். இப்போது ரெண்டு மழை பெய்திருந்தது. கண்மாய் நிறைந்தால் தண்ணீர் வழிகிற கலுங்கு ஒன்று உண்டு, அதைத் தாண்டும் இடத்தில் காரின் முன்சக்கரம் சேற்றில் இறங்கியது. ஆக்சிலேட்டரை மிதித்தேன். பின்சக்கரமும் சேர்ந்து இறங்கியது.

"மஞ்ச டப்பா என்னங்க சொல்லுது?" என்று கேட்டாள்.

"சரியான வழியில போறோம்னு சொல்லுது."

அவள் என்னைப் பார்த்த பார்வையை எழுத்தில் கொண்டுவர எனக்குத் தெம்பில்லை.

போனில் டவர் இல்லை. இறங்கித் தள்ளிப் பார்த்தேன், வேட்டி போனதுதான் மிச்சம். கொஞ்ச நேரத்தில் கரைமேல் ஒரு டிராக்டர் வந்தது. ஓட்டிக்கொண்டு வந்தவன் வேறு யார், நான் வட்டத்தைச் சுருக்கிய அதே சித்தப்பா மகன்தான்.

"அண்ணே, நீங்களா? இங்கிட்டு எதுக்குண்ணே வந்தீங்க? ரோடு என்ன ஆச்சு?"

நான் வாயைத் திறப்பதற்குள் அவன் கண் காருக்குள் போனது. பட்டுச்சேலை, தாம்பாளம், மஞ்சள் தடவிய பத்திரிகைக் கட்டு எல்லாவற்றையும் பார்த்தான். கயிற்றை எடுத்துக் கட்டி, டிராக்டரை எடுத்து, காரைக் கரைக்கு இழுத்துப் போட்டான். கயிற்றை அவிழ்க்கும்போது பின் சீட்டில் லேப்டாப்பைப் பார்த்துவிட்டான். வீட்டுக்கு வீடு பேர் எழுதித்தானே வட்டம் போட்டிருந்தேன்.

"என்னண்ணே இது, எம்பேரு போட்டிருக்கு. நம்ம வீட்டச் சுத்திச் செவப்பா இருக்கு?"

என் மனைவி எலுமிச்சம்பழத்தைப் பார்க்க ஆரம்பித்தாள். சேற்றிலிருந்து இழுத்துவிட்டவனிடம் உன் வீடு போகக் கூடாத வீடு என்று எப்படிச் சொல்வது? பொய் தானாக வந்தது.

"முக்கியமான சொந்தக்காரவங்க வீட்டையெல்லாம் வட்டம் போட்டு வச்சிருக்கேன்டா. விட்டுப் போயிரக் கூடாதுல்ல."

அவன் முகம் மலர்ந்துவிட்டது. குனிந்து திரையையே பார்த்தான். "அயித்தைக்குத்தான் பெரிய வட்டமா? சரி, மூத்தவக. நமக்குச் சின்னதா இருந்தாலும் இருக்குல்ல" என்று சொல்லி, போனை எடுத்துத் திரையைப் போட்டோ பிடித்துக்கொண்டான்.

இவள் கட்டிலிருந்து ஒரு பத்திரிகையை உருவ முடியாமலும் உருவாமல் இருக்க முடியாமலும் தவித்தாள். கடைசியில் உள்ளதைச் சொல்லிவிட்டாள். "தம்பி, தப்பா நெனச்சுக்காதீங்க. இன்னும் எங்கண்ணனுக்கு வைக்கல."

"தெரியுதுண்ணி. தாய்மாமனுக்கு முந்தி நான் எப்படி வாங்குவேன்? பத்திரிகைய உள்ள வைங்க. நான் இன்னிக்கு ஒங்களப் பாக்கவே இல்ல." டிராக்டரில் ஏறிக்கொண்டே சொன்னான். "நாளைக்கோ மறுநாளோ வீட்டுக்கு வாங்க. அப்பப் பாத்துக்கிறேன்."

இந்தப் பிள்ளையைப் போய் வட்டம் போட்டுச் சுற்றினோமே என்று எனக்குச் சங்கடமாகிவிட்டது. சேறு அப்பிய காரோடு, கோடு சொன்ன வழியில் கடைசி வளைவு வரை ஒழுங்காகப் போய் மச்சான் வீட்டு வாசலில் நிறுத்தினேன். வழியில் வேறு ஒரு சொந்தக்காரன் கண்ணிலும் படவில்லை. அந்த அளவில் என் ரூட்டுக்கு நூற்றுக்கு நூறு.

வீடு பூட்டியிருந்தது.

இவள் சேலையைச் சரிசெய்துகொண்டு, தாம்பாளத்தைப் பிடித்தபடி, பூட்டைப் பார்த்துக்கொண்டு நின்றாள். வேண்டுமென்றே பூட்டிவிட்டுப் போயிருக்கிறார் என்று அவள் நினைப்பது அவள் முதுகிலேயே தெரிந்தது. மெதுவாகப் படியில் உட்கார்ந்தாள். "நாம வர்றது தெரிஞ்சு போயிட்டாருங்க" என்றாள். எனக்கும் அப்படித்தான் தோன்றியது, கோபம் கோபமாக வந்தது. இந்தச் சேற்றில் உருண்டு வந்தது இதற்குத்தானா என்று அந்தப் பூட்டை ஒரு உதை விடலாம் போல இருந்தது.

பக்கத்து வீட்டம்மா வேலிக்கு மேலே எட்டிப் பார்த்தார்.

"யாரு, கீரனூர்த் தங்கச்சியா? இங்கன என்னம்மா உக்காந்திருக்க? ஒங்கண்ணனும் மதினியும் ஒன் வீட்டுக்குத்தான காலையில போனாக?"

"எங்க வீட்டுக்கா?"

"ஆமா. குட்டியானை வண்டிய எடுத்துக்கிட்டு, வாழத்தாரு, அரிசி மூட்டையெல்லாம் ஏத்திக்கிட்டுல்ல போனாக. வழியில பாக்கலியா? மெயின் ரோட்டுலதான போனாக."

மெயின் ரோட்டில் நாங்கள் வந்திருந்தால் எதிரெதிரே பார்த்திருப்போம். இதை என் மனைவி வாய்விட்டுச் சொல்லவில்லை, என் பக்கம் திரும்பி மட்டும் பார்த்தாள்.

மச்சான் நம்பர் இவள் போனில் எப்போதோ அழிந்துபோயிருந்தது. பக்கத்து வீட்டம்மாதான் தன் போனில் கூப்பிட்டு, ஸ்பீக்கரில் போட்டு, வேலிக்கு மேலே நீட்டினார்.

"அண்ணே" என்றாள் இவள்.

அந்தப் பக்கம் மச்சான் பேசினார். "எங்க ஆத்தா போனீங்க? வீடு பூட்டிக் கெடக்கு. ஒன் வீட்டு வாசல்ல நானும் ஒங்க மதினியும் உக்காந்திருக்கோம்."

"நாங்க ஒன் வீட்டு வாசல்ல உக்காந்திருக்கோம்ண்ணே. பத்திரிகை வைக்க வந்தோம்."

"பத்திரிகை அடிச்சு வந்திருச்சுன்னு ஊருக்குள்ள சொன்னாக. இன்னிக்கு வரும், நாளைக்கு வரும்னு பாத்தேன். எனக்கு இருப்புக் கொள்ளல. அதான் நானே வாங்கிக்கிருவோம்னு கெளம்பி வந்துட்டேன்."

என் இத்தனை வயதில் பத்திரிகையைத் தேடிப் போய் வாங்கிக்கொள்ளக் கிளம்பிய தாய்மாமனை நான் கேள்விப்பட்டதில்லை. ஊரில் சொன்னால் சிரிப்பார்கள். அந்த மனிதர் அதையெல்லாம் யோசிக்காமல் வாழைத்தாரை ஏற்றிக்கொண்டு கிளம்பியிருக்கிறார். நான் இவருக்குப் பயந்து லேப்டாப்பில் வட்டம் போட்டுக்கொண்டிருந்தேன்.

அதோடு விஷயம் முடியவில்லை. "நீ அங்கனயே இரு, நான் வாரேன்" என்றார் அவர். "நீ இருண்ணே, நாங்க வாரோம்" என்றாள் இவள். தாய்மாமனுக்கு அவர் வீட்டில் வைத்துத்தான் கொடுக்க வேண்டும் என்று ஒருவர், வாசலில் வந்து உட்கார்ந்திருக்கிற அண்ணனைத் திருப்பி அனுப்ப முடியாது என்று இன்னொருவர். இரண்டு பேரும் நான் கிளம்பிட்டேன் என்று சொல்லிவிட்டு ஒரே நேரத்தில் பேச்சை முடித்துவிட்டார்கள். பிடிவாதம் ஒரே வயிற்றிலிருந்து வந்ததல்லவா.

மறுபடியும் ஆளுக்கொரு பக்கம் போய்விடக் கூடாது என்று நான் லேப்டாப்பை எடுத்தேன். அங்கிருந்து அவர், இங்கிருந்து நாங்கள், எந்த இடத்தில் சந்திப்போம் என்று மெயின் ரோட்டை அளந்து பாதியில் ஒரு புள்ளி வைத்தேன். அந்தப் புள்ளிக்கு வழி கேட்டால் சாப்ட்வேர் முடியாது என்றது. புள்ளி அத்தையின் வட்டத்துக்குள் விழுந்திருந்தது. அவ்வளவு பெரிய வட்டம் போட்டால் எந்தப் புள்ளிதான் அதற்குள் விழாது?

"அந்தப் பொட்டிய மூடுங்க. நேர் ரோட்டுல போங்க" என்றாள்.

நேர் ரோட்டில் போனேன். அந்த வளைவுக்கு வரும்போது எதிரே குட்டியானை வந்துகொண்டிருந்தது. இவள் கார் நிற்பதற்குள் கதவைத் திறந்துவிட்டாள். மச்சான் வண்டியை நடுரோட்டிலேயே நிறுத்திவிட்டு இறங்கினார். தலை நன்றாக நரைத்துப் போயிருந்தது. அவருக்கும் எங்களுக்கும் நடுவில், கேட்டைத் திறந்துகொண்டு, போனைக் கையில் பிடித்தபடி அத்தை வந்தாள்.

"வாங்க, வாங்க. நீங்க வருவீங்கன்னு எனக்குத் தெரியும். இப்பத்தான் குடும்பக் குரூப்புல படம் வந்துச்சு. முக்கியமான சொந்தத்துக்கெல்லாம் செவப்பு வட்டம் போட்டிருக்கியாமே தம்பி. எனக்குத்தான் எல்லாத்தையும் விடப் பெருசு." என் மனைவியின் கன்னத்தைத் தடவினாள். "நீ நம்மள மதிக்க மாட்டேன்னு இத்தன நாளா தப்பா நெனச்சுக்கிட்டிருந்தேன்த்தா."

இவள் திருதிருவென்று விழித்தாள். அத்தை அதோடு விட்டாளா? மச்சான் பக்கம் திரும்பி, "இந்தா பாருங்க சம்பந்தி" என்று போனை நீட்டினாள். மச்சான் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார். தன் ஊரைத் தேடிக் கண்டுபிடித்தார். அங்கே வட்டம் இல்லை. சுற்றி எல்லார் வீட்டிலும் சிவப்பு, அவர் வீடு மட்டும் வெறுமையாக இருந்தது.

"எனக்கு இல்லியே மாப்ள" என்றார். சிரித்துக்கொண்டேதான் சொன்னார், ஆனால் புது வீட்டு விசேஷத்தன்று கார் கதவைச் சாத்தும்போது இருந்த முகம் திரும்பி வந்துவிட்டது.

அந்த வட்டத்துக்கு உண்மையான அர்த்தம் சொன்னால் மச்சான் மனசு குளிரும், பக்கத்தில் நிற்கிற அத்தை மனசு என்ன ஆகும்? சொல்லாவிட்டால் இவர் இப்படியே வண்டியைத் திருப்பிக்கொண்டு போய்விடுவார், கல்யாணத்துக்கும் வர மாட்டார். பொய் சொல்லி வாங்கிக் கட்டிக்கொள்வது என்பது இதுதான் என்று நினைத்துக்கொண்டு நின்றேன்.

என் மனைவிதான் பேசினாள். "ஒன் வீட்டுக்கு எதுக்குண்ணே வட்டம்? வழி மறந்து போற வீட்டுக்குத்தான் குறிச்சு வைக்கணும். பொறந்த வீட்டுக்குக் கண்ணக் கட்டி விட்டாலும் நான் வந்துருவேன்ல."

மச்சான் கண்ணாடியைக் கழற்றினார். போனை அத்தையிடம் திருப்பிக் கொடுத்தார். இவளைப் பார்த்தார்.

"அப்பறம் ஏன் ஆத்தா இத்தன வருசமா வரல?"

அவள் தாம்பாளத்தை நீட்டினாள். அவர் தாம்பாளத்தை வாங்கவில்லை, அதைப் பிடித்திருந்த அவள் கைகளைச் சேர்த்துப் பிடித்துக்கொண்டார். இரண்டு பேரும் ரோட்டின் நடுவில் நின்று அழுதார்கள். அத்தையும் என்ன ஏது என்று தெரியாமல் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

குட்டியானைக்குப் பின்னால் ஒரு மினி பஸ் வந்து நின்று ஹாரன் அடித்தது. விடாமல் அடித்தது. நான் ஓடிப்போய் டிரைவரிடம், "கொஞ்சம் பொறுத்துக்கங்கண்ணே, தாய்மாமனுக்குப் பத்திரிகை வைக்கிறோம்" என்றேன்.

அவர் எட்டி முன்னால் பார்த்தார். பிறகு இன்ஜினை அணைத்துவிட்டார்.